கயித்த வுடு, அண்ணே

சவுக்குமேடு
11.1.2024

அன்புள்ள தங்கச்சி சின்னப்பொண்ணுக்கு அண்ணன் புருஷோத்தமன் எழுதறது. நானு, உன் அண்ணி மீனம்மாள், பாப்பா கவிப்பிரியா மூணு பேரும் கடவுள் புண்ணியத்துல சௌக்கியம். அங்க நீயும் மாப்பிள்ளை சிவசங்கரும் எப்படி இருக்கீங்கன்னு ஒரு வரி போடு. பொங்கலுக்கு அண்ணி உனக்குப் புடவை எடுத்துகீது. பார்சல்ல வரும்.

அப்பாவுக்குக் கார்த்திகையில வாதம் வந்து இழுத்த இடது கை, கால் இன்னும் சரியாவல. பேச்சு மட்டும் தெளிவா கீது. கட்டில்ல படுத்துகினு காலையில ஒருவாட்டி, சாயங்காலம் ஒருவாட்டி, "ஏரிக்கரையில காங்கிரீட் போட்டாச்சாடா"ன்னு கேக்கறாரு. இன்னும் இல்லப்பான்னு சொல்லுவேன். திரும்பிப் படுத்துக்குவாரு.

ஊரு நீ பாத்த மாதிரி இல்ல. ஒரகடம் ரோட்டுலேர்ந்து நம்ம மரமில்லு வரிக்கும் கண்டெய்னர் லாரிதான். அப்போ சவுக்குமேட்டுல வூட்டுக்கு வூடு கோடாலி இருந்துது. இப்போ பாதிப்பேரு கம்பெனிக்கு ஷிப்ட்டு போறாங்க. மீதி நாங்க ஆறு மில்லுக்காரங்க, கம்பெனி சாமானை அடுக்கற பேலட் அடிச்சிகினு கீறோம். எந்நேரமும் மரத்தூள்தான். சோத்துல கூட விழுது.

ஏரிக்கரைத் தோப்பு மொத்தத்தையும் ஒரு கம்பெனி வாங்கிடுச்சி. மரத்தை வெட்டி எடுக்கற வேலை நமக்கு வந்துகீது. மண்ணு கொட்டித் தூத்துப்போட்ட கிணத்துப் பக்கத்துல நிக்குதே புளியமரம், அதுவும் போவுது. உனக்குத் தெரிஞ்ச மரம். சொல்லாம வெட்ட மனசு வரல, அதான் எழுதினேன்.

உடம்பைப் பாத்துக்கோ.
உன் அண்ணன்
புருஷோத்தமன்

போளூர்
24.1.2024

அன்புள்ள அண்ணனுக்குச் சின்னப்பொண்ணு எழுதுவது. புடவை வந்தது. கத்தரிப்பூ நிறம், அண்ணி எடுத்தது என்று பிரித்ததுமே தெரிந்தது. நான் நன்றாக இருக்கிறேன். இவருக்குக் கொஞ்சம் சர்க்கரை கூடியிருக்கிறது, மாத்திரை மாற்றியிருக்கிறார்கள். எனக்குப் பள்ளிக்கூடத்துச் சத்துணவுச் சமையல் எப்போதும்போல. அப்பாவுக்கு வலது பக்கம் படுக்கை மாற்றிப் போடச் சொல்.

மரத்தை வெட்டப்போவதாக எழுதியிருந்தாய். படித்துவிட்டு அரிசியைக் களையாமலே உலையில் போட்டேன்.

அண்ணே, அந்த மரத்தில் என் முடி இருக்கிறது. பூசாரி என் உச்சி முடியைப் பிடுங்கி ஆணியில் சுற்றி அடித்தானே. சாம்பிராணிப் புகையும், அப்பா என் தோளை அழுத்திப் பிடித்திருந்ததும் நினைவிருக்கிறது. அதற்கு முந்தைய பன்னிரண்டு நாட்கள் நினைவில்லை. பேய் பிடித்து ஓயாமல் பேசினேன் என்பார்கள். என்ன பேசினேன் என்று மட்டும் ஒருவரும் சொன்னதில்லை. ஆணி அடித்த நாளிலிருந்து, இருபத்திரண்டு வருஷமாக, என் வாயிலிருந்து ஒரு சொல் வரவில்லை. தாலி கட்டும்போதும் தலையைத்தான் ஆட்டினேன். இருக்கிற ஒரு போனும் இவருடையது. அதில் தட்டினால் நாலு பேர் படிப்பார்கள். நமக்குத் தபால்தான் சரி.

இப்போது கேட்கிறேன். நான் அப்போது என்ன சொன்னேன்? காஞ்சிபுரத்தில் சித்தி வீட்டிலிருந்து நான் திரும்பி வந்தபோது கங்கா ஊரில் இல்லை. லாரி டிரைவரோடு ஓடிவிட்டாள் என்று பஸ் ஸ்டாப்பிலேயே சொன்னார்கள். அதற்கப்புறம்தான் எனக்கு அப்படி ஆனது. அவளைப் பற்றியா பேசினேன்? ஒன்றாம் வகுப்பிலிருந்து ஒரே பெஞ்சில் உட்கார்ந்தவள், எனக்கு ஒரு வரி எழுதியிருக்கலாம். அவள் அம்மா தாயாரம்மாள் எப்படி இருக்கிறார்?

அறுக்கும்போது என் ஆணி கிடைத்தால் ஏரியில் போட்டுவிடு.

தங்கை
சின்னப்பொண்ணு

சவுக்குமேடு
15.2.2024

அன்புள்ள தங்கச்சிக்கு. எல்லாரும் சௌக்கியம். பாப்பாவுக்குப் பதினொண்ணாவது பரீட்சை வருது. மாப்பிள்ளை சர்க்கரையை அலட்சியம் பண்ண வேணாம்னு சொல்லு.

மரம் போன வாரமே சாஞ்சிடுச்சி. நேத்து, புதன்கிழமை, மில்லுக்கு வந்துது. எங்கிட்ட அறுவை வாள் ஓட்டறவன் பேரு இசக்கிதுரை. திருநெல்வேலிப் பக்கத்து ஆளு, ரெண்டு புள்ளைக்குத் தகப்பன். அடிமரத்தை ஏத்தி ரெண்டடி கூட ஓடல, வாள் கத்திச்சி பாரு, அப்படி ஒரு கத்தல். பல்லு நாலு தெறிச்சிடுச்சி. நிறுத்திட்டுப் பொளந்து பாத்தோம். ஒரு ஆணி இல்ல, பதினோரு ஆணி. எல்லாத்தையும் மரம் உள்ள முழுங்கி மேல பட்டை கட்டிகீது. பத்து ஆணியில துருதான். ஒண்ணுல முடி.

"அண்ணாச்சி, இங்கன பாருங்க. எண்ணெ வாசம்லா அடிக்கி"ன்னான் இசக்கிதுரை.

நான் தொட்டுப் பாத்தேன். ஈரமா இருந்துது. இருவத்திரண்டு வருஷம் மரத்துக்குள்ள கிடந்த முடி, இப்பதான் தலை முழுகின மாதிரி. அவன் ஆணி புடுங்கற குறட்டைத் தொடமாட்டேன்னுட்டான். "எங்கூர்ல இதைப் புடுங்க மாட்டாவ. உள்ள கெடக்கது வெளிய வந்துரும்"னான். நான்தான் புடுங்கினேன். காலையில பதினோரு மணி. கம்பெனி டீ பிரேக் சைரன் அப்பதான் அடிச்சிது. நீ சொன்ன மாதிரியே ஏரியில போட்டுட்டேன்.

பழசைக் கேட்டிருந்த. ஜுரத்துல பெனாத்தினது, யாருக்கு ஞாபகம் கீது. தாயாரம்மா நல்லா கீறாங்க. கம்பெனி கேன்டீன்ல பெருக்கற வேலை.

உன் அண்ணன்
புருஷோத்தமன்

போளூர்
15.2.2024

அன்புள்ள அண்ணனுக்கு. வீட்டில் எல்லாரும் எப்படி இருக்கிறீர்கள்? நான் நன்றாக இருக்கிறேனா என்று எனக்கே தெரியவில்லை. உன் கடிதத்துக்குக் காத்திராமல் இதை எழுதுகிறேன்.

நேற்றுக் காலை பதினோரு மணி வாக்கில் முட்டை வெந்த குண்டானை இறக்கினேன். துணி நழுவிவிட்டது. "ஐயோ, சுடுது" என்று ஒரு குரல் கேட்டது. சமையற்கட்டில் நானும் ஆயாவும்தான். நான் ஆயாவைப் பார்த்தேன். ஆயா என்னைப் பார்த்தாள். பார்த்தபடியே பின்னால் நகர்ந்து சுவரில் முட்டிக்கொண்டு நின்றாள். என் தொண்டையில் கை வைத்துப் பார்த்தேன். துடித்துக்கொண்டிருந்தது.

பிறகு இன்னொன்றும் வந்தது. நான் நினைக்கவில்லை, சொல்லவும் முயலவில்லை. அதுவாக வந்தது. "கயித்த வுடு, அண்ணே. கயித்த வுடு." மூன்று முறை.

முதலில் கேட்டது கரகரப்பான குரல். என்னுடையதாகத்தான் இருக்க வேண்டும். இரண்டாவது அப்படி இல்லை. பதினாறு, பதினேழு வயசுப் பெண் தூரத்திலிருந்து கூப்பிடுவது மாதிரி இருந்தது. சாப்பாட்டுக்கு வரிசையில் நின்ற பிள்ளைகள் சிரிக்கக்கூட இல்லை.

என்ன கயிறு, அண்ணே? சின்ன வயசில் ஏதாவது விளையாட்டா? மரம் இன்னும் நிற்கிறதா?

தங்கை
சின்னப்பொண்ணு

போளூர்
20.3.2024

அன்புள்ள அண்ணனுக்கு. அப்பாவுக்கும் அண்ணிக்கும் என் விசாரிப்புகள். கவிப்பிரியா பரீட்சை நன்றாக எழுதினாளா?

நீ ஆணியைப் பிடுங்கிய நேரத்தை உன் கடிதத்தில் படித்தேன். இரண்டு கடிதத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். அதற்கப்புறம் ஒரு மாதமாக உன்னிடமிருந்து பதில் இல்லை. என் கடிதம் கிடைக்கவில்லையா என்று தபால்காரரிடம் கேட்டேன். ஆமாம், வாயால் கேட்டேன். அவர் சைக்கிளிலிருந்து இறங்கிவிட்டார்.

எனக்குப் பேச்சு வந்துவிட்டது. கடைக்குப் போனால் பருப்பு, புளி என்று சொல்ல வருகிறது. இவர் முதல் நாள் அழுதார், சாமிக்குத் தேங்காய் உடைத்தார். மூன்றாம் நாள் அந்தக் கயிற்று வார்த்தையை அவரும் கேட்டுவிட்டார். இப்போது நான் வாயைத் திறந்தால் டிவி சத்தத்தைக் கூட்டுகிறார். அது தினமும் பதினோரு மணிக்கு வருகிறது, அண்ணே. அந்த நேரத்தில் வாயில் முந்தானையை அடைத்துக்கொண்டு சாமான் அறைக்குள் நிற்கிறேன். அப்படியும் வருகிறது.

யாருடைய குரல் என்று தெரிந்துவிட்டது. "அண்ணே" என்பதைக் கடைசியில் இழுத்து, பாட்டு மாதிரி முடிப்பாளே. நம் தெருவில் அப்படிக் கூப்பிட்டவள் ஒருத்திதான். கங்கா.

பதில் எழுது.

சின்னப்பொண்ணு

சவுக்குமேடு
2.4.2024

அன்புள்ள தங்கச்சிக்கு. இங்க எல்லாரும் நல்லா கீறோம். மார்ச்சு மாசம் கம்பெனிக்கு வருஷக் கடைசி, மில்லுல மூச்சு வுட நேரமில்ல. அதான் லேட்டு. தப்பா எடுத்துக்காதே.

உனக்குப் பேச்சு வந்தது ரொம்ப சந்தோஷம். வேலூர்ல காது மூக்கு தொண்டை டாக்டரைப் பாரு. ரொம்ப நாள் கழிச்சி பேசறதால தொண்டை எப்படியெப்படியோ சத்தம் போடும். அதுக்கு மேல ஒண்ணுமில்ல. அந்த வார்த்தையை வெளியாளுங்க முன்னாடி சொல்லிக்காதே. மாப்பிள்ளை இன்னா கேட்டாரு? நீ இன்னா சொன்ன? வேற ஏதாச்சும் வாயில வந்துதா? வந்தா எனக்கு மட்டும் எழுது.

இசக்கிதுரை ஊருக்குப் போய்ட்டான். அந்த மரத்துல அடிச்ச பேலட்டு நாப்பதையும் கம்பெனி திருப்பி அனுப்பிடுச்சி. ஈரம் காயலையாம். ஒரு மாசம் வெயில்ல கிடந்த மரம். அவன் தொட்டுப் பாத்துட்டுக் கணக்கு கூட கேக்காம பையைத் தூக்கிகினு சுங்குவார்சத்திரம் பஸ் ஸ்டாப்புக்கு நடந்துட்டான்.

உன் அண்ணன்
புருஷோத்தமன்

போளூர்
10.4.2024

அண்ணனுக்கு. நலமாக இரு.

டாக்டரைப் பற்றி எழுதியிருக்கிறாய், கம்பெனியைப் பற்றி எழுதியிருக்கிறாய், பேலட்டைப் பற்றி எழுதியிருக்கிறாய். என்ன கயிறு என்று இரண்டு மாதத்துக்கு முன்பே கேட்டேன். அதற்கு மட்டும் பதில் இல்லை.

வேறு ஏதாவது வந்ததா என்று கேட்கிறாய். இன்னும் வர வேண்டியது இருக்கிறது என்று உனக்கு எப்படித் தெரியும்?

வந்தது. நேற்று வந்தது. "லாரி நிக்குதே, அண்ணே. ஏத்து."

லாரியில் ஏறித்தான் கங்கா ஓடிப்போனாள் என்று ஊர் முழுக்கச் சொன்னீர்கள். ஏறிப் போனவள் எதற்காக என்னை ஏற்று என்று கெஞ்ச வேண்டும்?

சின்னப்பொண்ணு

சவுக்குமேடு
28.4.2024

தங்கச்சிக்கு. இந்தக் கடுதாசியில யாருக்கும் சௌக்கியம் விசாரிக்கல.

அது 2002 ஆவணி மாசம். ஏரிக்கரையில அரசாங்க இலுப்பை மரம் ஒண்ணு இருந்துது. ரெண்டு ஆளு கட்டிப் புடிக்கணும், அவ்ளோ அகலம். அனுமதி இல்லாத மரம். அதனால அப்பா கூலியாளு யாரையும் கூப்பிடல. அவரும் நானும்தான். அடியில அவரு கோடாலி போட்டாரு. உச்சியில கட்டின கயிறு என் கையில. நான் இழுத்துப் புடிச்சா மரம் ஏரிப் பக்கம் சாயும். வுட்டுட்டா அப்பா நிக்கற பக்கம் சாயும்.

மரம் முறிய ஆரம்பிச்சப்புறம்தான் பாத்தேன். ஏரிப் பக்கம் கங்கா, சுள்ளி பொறுக்கிகினு. ஓடப் பாத்தா, கால் கொடியில மாட்டிகிச்சி. மரத்தைப் பாக்கல அவ. என்னைப் பாத்தா. "கயித்த வுடு, அண்ணே"ன்னா.

நான் வுடல. இந்தப் பக்கம் அப்பா.

கிளை இடுப்பு மேல வுழுந்துது. தூக்கிப் போட்டுட்டுப் பாத்தா மூச்சு கீது, பேச்சு கீது. "லாரி நிக்குதே, அண்ணே. ஏத்து"ன்னா. இருவது அடியில நின்னுது லாரி. நான் அவளைத் தூக்க குனிஞ்சேன். அப்பா சாவியை எடுத்து இடுப்புல சொருவிகினு ஒக்காந்துட்டாரு. "ஆஸ்பத்திரில எந்த மரம்னு கேப்பான். செத்த நேரம் பொறு"ன்னாரு. எனக்கு இருவத்தோரு வயசு. அவரைவிட பலம். சாவியைப் புடுங்கி இருக்கலாம். பொறுத்தேன். பதினோரு மணி வாக்குல அடங்கிட்டா.

புளியமரத்துப் பக்கத்துக் கிணத்துல போட்டோம். கிளையும் மரத்தூளும் மண்ணுமா எட்டு லோடு கொட்டித் தூத்துட்டோம். டிரைவர் கதையைக் கட்டினது அப்பா. தாயாரம்மா வூட்டு வாசல்ல போய் அதைச் சொன்னது நானு.

நாலாம் நாள் காஞ்சிபுரத்துலேர்ந்து வந்து பஸ்ஸை விட்டு இறங்கின நீ, வூட்டுக்குள்ள நுழையறதுக்கு முந்தியே பேச ஆரம்பிச்ச. இதே ரெண்டு வார்த்தைதான். பன்னெண்டு நாளும் இதேதான். அன்னைக்கு நீ ஊர்லயே இல்ல. உனக்கு எப்படித் தெரிஞ்சிதுன்னு இந்த நிமிஷம் வரிக்கும் எனக்குத் தெரியாது. தெருவுக்குப் புரியறதுக்குள்ள பேயின்னு சொல்லி ஆணி அடிச்சோம். அப்பா உன் தோளைப் புடிச்சாரு. உன் காலைப் புடிச்சது நானு.

அப்பா தினமும் கேக்கற காங்கிரீட்டு அந்தக் கிணத்து மேலதான் வருது. மே மாசக் கடைசியில போடறாங்க. போட்டுட்டா அப்புறம் யாரு நெனச்சாலும் தோண்ட முடியாது. எழுதிட்டா கொஞ்சம் லேசாவும்னு நெனச்சேன். ஆவல. நீ இன்னா சொல்றியோ அத்தைச் செய்யறேன்.

புருஷோத்தமன்

போளூர்
4.5.2024

அண்ணனுக்கு.

உன் கடிதத்தை இவருக்குப் படித்துக் காட்டினேன். டிவியை அவரே அணைத்தார். முழுக்கக் கேட்டுவிட்டு, எழுந்து போய் எனக்குத் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார்.

அன்றைக்கு அப்பா சொன்னதைச் செய்தாய். இன்றைக்கு நான் சொல்வதைச் செய்கிறேன் என்கிறாய். அது வேண்டாம். போவதானால் நீயாகப் போ.

ஒன்று மட்டும் கேட்டுக்கொள்கிறேன். போலீசுக்கு முன்னால் தாயாரம்மாளிடம் போ. அந்த வாசலில் நின்று நீ ஒன்றைச் சொல்லியிருக்கிறாய். அதே வாசலில் நின்று இதையும் சொல்.

உன் கடிதத்தைப் பத்திரமாக வைத்திருக்கிறேன். இருபதாம் தேதி வரை பார்ப்பேன். அதற்கப்புறம் நானே பஸ் ஏறுவேன். எனக்கு இப்போது பேச வருகிறது, அண்ணே.

சின்னப்பொண்ணு

கிளைச்சிறை
9.7.2024

தங்கச்சி சின்னப்பொண்ணுக்குப் புருஷோத்தமன் எழுதறது. நான் இங்க உசுரோட கீறேன். உன் உடம்பும் மாப்பிள்ளை உடம்பும் நல்லா இருக்கணும்.

மீனம்மாள் உனக்கு எல்லாம் சொல்லியிருக்கும். ஆனா தாயாரம்மா வாசல், கிணத்தைத் தோண்டின இடம், ரெண்டுலயும் அவ இல்ல. இருந்தது நானு. அதனால நான் எழுதணும்.

மே மாசம் பதிமூணாம் தேதி, திங்கக்கிழமை. தாயாரம்மா கேன்டீன் ஷிப்ட்டு முடிச்சி வந்து வாசல் குழாயில டிபன் பாக்ஸ் கழுவிகினு இருந்தாங்க. "இன்னா புருஷோத்தமா, அப்பாவுக்கு முடியலயா?"ன்னு கேட்டாங்க. நான் ஒக்காரல. நின்னுகினே ஆரம்பத்துலேர்ந்து சொன்னேன். கயிறு, லாரி, சாவி, கிணறு. எதையும் வுடல. அவங்க குழாயை நிறுத்தல. தண்ணி அதுபாட்டுக்கு ஓடிகினு இருந்துது.

"எந்தக் கிணறு?"ன்னாங்க.

"புளியமரத்துக் கிணறு."

அப்புறம்தான் குழாயை மூடினாங்க. "அங்கதானே நான் தினமும் போவேன்"னாங்க. "தெருவுல திட்டினா நாலு பேரு சிரிப்பாங்கன்னு அங்க போய் நின்னுகினுதானே அவளைத் திட்டுவேன். ஓடுகாலின்னு. நாசமாப் போடின்னு. செத்தாலும் என் மூஞ்சில முழிக்காதேன்னு. இருவத்திரண்டு வருஷமாச்சே. அத்தனையும் கேட்டுகினா கிடந்தா?"

அவங்க என்னை அடிக்கல, தெருவைக் கூப்பிடல. புடவையை மாத்திகினு வந்து, "வா, ஸ்டேஷனுக்குப் போலாம்"னாங்க. ரெண்டு பேரும் ஒரே ஷேர் ஆட்டோவுலதான் போனோம். டிரைவர் அவங்க தெரிஞ்ச பையன். "எங்க ஆயா, புள்ளையோட?"ன்னு கேட்டான்.

அப்பா பேரும் கேஸ்ல கீது. கட்டில் பக்கத்துல ஒக்காந்து எழுதி வாங்கினாங்க. "கயிறு என் புள்ளை கையிலதான் இருந்துது"ன்னு சொல்லிட்டாரு. அதுல பொய் ஒண்ணுமில்ல.

ஜூன்ல கோர்ட்டு உத்தரவு வந்து தோண்டினாங்க. இடத்தைக் காட்ட என்னைக் கூட்டிகினு போனாங்க. கம்பெனி வேலையை நிறுத்திட்டாங்க, ஹெல்மெட் போட்ட ஆளுங்க எல்லாம் கம்பிக்கு அந்தாண்ட நின்னாங்க. மூணு நாளும் நாங்க கொட்டின மரத்தூள்தான் வந்துது. கொஞ்சம் கூட மக்கல. நேத்து அறுத்த மாதிரி மஞ்சளா இருந்துது. நாலாம் நாள் காலையில ஜேசிபிக்காரன் கையைத் தூக்கினான். உள்ள இறங்கின ஆளு முதல்ல மேல கொடுத்தது ஒரு பச்சைக் கண்ணாடி வளையல். ஒரு கீறல் இல்ல.

தாயாரம்மா நாலு நாளும் குழி ஓரத்துலயே ஒக்காந்து இருந்தாங்க. லேடி போலீஸ் அவங்களைத் தூர இழுக்கப் பாத்துது. வரல. குனிஞ்சி குழிக்குள்ள கூப்பிட்டாங்க. "கங்கா. அம்மா கோவத்துல சொன்னதுடி அதெல்லாம். மனசுல வெச்சிக்காதே. வூட்டுக்கு வா."

ஜேசிபியை நிறுத்திட்டாங்க. அவ்ளோ பேரு நின்னுகினு இருந்தோம், எங்க காதுக்கு எதுவும் கேக்கல. அவங்க தலையைச் சாச்சி, ஒரு காதைக் குழிப் பக்கம் வெச்சிகினு இருந்தாங்க. யாரோ நீளமா பதில் சொல்ற மாதிரி, அது முடியற வரிக்கும் கேட்டாங்க. நடுவுல ரெண்டுவாட்டி தலையை ஆட்டினாங்க. அப்புறம் என்னைத் திரும்பிப் பாத்தாங்க. கோவமா பாக்கல. அதைத்தான் என்னால மறக்க முடியல. மறுபடியும் குழியைப் பாத்து, "சரி சரி. அவசரம் வேணாம். மெதுவா ஏறி வா"ன்னாங்க.

இப்படிக்கு,
புருஷோத்தமன்